என் கையைக் கேளுங்க

நான் விழுந்தபோது எல்லோரும் கைதட்டினார்கள். அதைக் குற்றம் சொல்ல எனக்கு வாயில்லை. கைதட்டல் வாங்கத்தான் வரப்பில் ஏறியிருந்தேன்.

எழுபதுகளின் நடுப்பகுதி. மரக்காணம் உப்பளத்தில் நான் உப்பு வாருகிற கூலி. எஸ்.எஸ்.எல்.சி.யில் கணக்கும் நானும் ஒருவரையொருவர் கைவிட்ட பிறகு, அப்பா என்னை அழைத்துக்கொண்டு போய் ஒரு பலகையைக் கையில் கொடுத்தார். நீண்ட கழியின் நுனியில் அடித்த மரப்பலகை. அதைப் பாத்திக்குள் போட்டு, அடியில் விளைந்திருக்கும் உப்பை வரப்போரம் இழுக்க வேண்டும். அடிக்களிமண் கலங்கக் கூடாது. பலகை உரசுவது உப்பிலா களிமண்ணிலா என்பது கைக்குத் தெரியும், நமக்குத் தெரியாது. எப்படித்தான் தெரிகிறது என்று ஒருநாள் சிரத்தையாகக் கவனித்துக்கொண்டே வாரினேன். அன்றைக்கு வந்த உப்பில் காப்பிப்பொடி கலந்த மாதிரி இருந்தது. மேஸ்திரி கெட்ட வார்த்தையில் பாராட்டினார். அத்தோடு அந்த ஆராய்ச்சியை விட்டுவிட்டேன்.

அளத்தில் மரம் கிடையாது. மேலே இருந்து அடிப்பதும் வெயில், கீழே உப்பில் பட்டு முகத்தில் திரும்பி அடிப்பதும் வெயில். அங்கே பிழைத்துக் கிடக்க ஒன்று சாராயம் வேண்டும், இல்லாவிட்டால் சிரிப்பு வேண்டும். சிரிப்பு சப்ளை என்னுடையது.

என் சரக்கில் முதல் சரக்கு முதலாளியின் நடை. ஒரு கையில் கறுப்புக் குடை, மறு கையில் வேட்டி நுனி. சேறு காலில் படக் கூடாது. ஆனால் அந்தச் சேறு தன்னுடையது என்பது பார்க்கிறவர்களுக்குத் தெரியவும் வேண்டும். சுடுமணலில் விட்ட கோழி மாதிரி வருவார். டீ வேளையில் பலகைக் கழியைக் குடையாகப் பிடித்துக்கொண்டு நான் அந்த நடையை நடந்து காட்டினால் கூடை சுமக்கிற பெண்கள் சும்மாடு அவிழ்ந்து விழச் சிரிப்பார்கள்.

அன்றைக்கும் காட்டினேன். முடிந்து கும்பிடும் போட்டாயிற்று. என் உயிர்ச் சினேகிதன், பக்கத்து ஊர் அனுமந்தைக்காரன், விடவில்லை. ஒரே பீடியை ஆளுக்குப் பாதி இழுத்து வளர்ந்தவர்கள் நாங்கள்.

"மச்சான், மொதலாளி ரிவர்ஸ்ல போனா எப்படி இருக்கும், காட்டேன்."

கேட்டால் மறுக்கிற புத்தி எனக்கு இருந்திருந்தால் கணக்கிலாவது தேறியிருப்பேன். பின்பக்கமாக நடந்தேன். குதிகால் வழுக்கியது. பாத்திக்குத் தண்ணீர் திறந்துவிடுகிற மடையில் ஒரு கருங்கல் பதித்திருக்கும். என் பின்மண்டை நேராகப் போய் அதில் உட்கார்ந்தது. டொக்கென்று சத்தம் கேட்டதாம். எனக்குக் கேட்கவில்லை.

"யப்பா, இன்னாமா வுழுவுறான் பாரு!"

"போதும்டா நடிப்பு, எழுந்திரு. டீ ஆறிப்போவுது."

நான் எழுந்திருக்கவில்லை என்பது நடிப்பின் உச்சமாகத் தெரிந்திருக்கிறது. வெகுநேரம் சிரித்தார்கள். பாத்தித் தண்ணீர் சிவப்பதை அனுமந்தைக்காரன்தான் முதலில் பார்த்தான். பதறிப்போய், கைக்குக் கிடைத்த தண்ணீரை அள்ளி என் மண்டையில் ஊற்றினான். உப்பு விளைகிற தண்ணீர். பிளந்த மண்டை. அந்த எரிச்சலுக்குச் செத்தவனே எழுந்து உட்கார்ந்திருப்பான். நான் எழுந்து உட்கார்ந்தேன். அதற்கும் கைதட்டினார்கள்.

தையல் போட்டார்கள், காய்ச்சல் வந்தது, போனது. எழுந்து நடமாட ஆரம்பித்ததும் ஒரு விநோதம். வீட்டு வாசல்படியைத் தாண்டும்போதெல்லாம் இடது தோள் நிலையில் இடித்தது. "கொத்தனாரு வாசலைக் குறுக்கிட்டான்" என்றேன். தெருவில் ஒரு ஆட்டை மிதித்தேன். "ஆடு குறுக்க வந்திச்சு" என்றேன். இந்தப் பதில்களை நான் யோசித்துச் சொல்லவில்லை. கேட்பதற்கு முன்பே வாய் தயாராக வைத்திருந்தது.

கல்யாணமாகி அதிக காலம் ஆகவில்லை. என் மனைவியும் அதே அளத்தில் கூடை சுமக்கிறவள். ஒரு மத்தியானம் கஞ்சிச் சோறு போட்டு, சுட்ட கருவாடு வைத்தாள்.

"மீனு எங்கமே?" என்றேன்.

"தட்டுலதான் இருக்குது."

"எங்க இருக்குது? வெறுஞ் சோறு இருக்குது."

"யோவ், வெளாடாத. எனக்கு வேல இருக்குது."

"சத்தியமா இல்லமே."

அவள் என் முகத்தைப் பார்த்தாள். பிறகு தட்டைப் பிடித்துத் திருப்பினாள். மீன் வந்தது.

சத்தியமாகச் சொல்கிறேன், அது வந்தது. சோற்றின் ஓரத்திலிருந்து பொட்டலம் பிரித்த மாதிரி வந்தது. "இந்த மேஜிக்கு எங்க கத்துக்கின?" என்று சிரித்தேன். அவள் சிரிக்கவில்லை. தட்டை மறுபடி திருப்பினாள். மீன் போய்விட்டது.

"ஒனக்கு ஒரு பக்கம் தெரியலய்யா" என்றாள்.

நான் நம்பவில்லை. ஒரு பக்கம் தெரியவில்லை என்றால் அந்தப் பக்கம் இருட்டாக இருக்க வேண்டாமா? இருட்டு இல்லை. கறுப்பு இல்லை. ஓட்டை இல்லை. இதைப் படிக்கிற உங்களுக்கு முதுகுக்குப் பின்னால் என்ன தெரிகிறது? கறுப்பாகவா தெரிகிறது? ஒன்றும் தெரிவதில்லை, அது ஒரு குறையாகவும் தோன்றுவதில்லை. எனக்கு முதுகு கொஞ்சம் வளர்ந்து, இடது பக்கமாகச் சுற்றிக்கொண்டு மூக்கு நுனி வரை வந்துவிட்டிருந்தது. அவ்வளவுதான். ஒரு கண்ணை மூடினாலும் அதே கதை, மறு கண்ணை மூடினாலும் அதே கதை. இருக்கிற பாதியை இழுத்து முழுசாகத் தைத்து, "இந்தா உலகம்" என்று மண்டை கொடுத்தது. நானும் வாங்கிக் கட்டிக்கொண்டு திரிந்தேன்.

மனைவி யாரிடமும் சொல்லவில்லை. அனுமந்தைக்காரன் தானாகவே கண்டுபிடித்தான். இடது பக்கம் உட்கார்ந்து என் பீடிக்கட்டிலிருந்து ஒவ்வொன்றாக உருவி, நான் கவனிக்கவில்லை என்பதைக் கவனித்திருக்கிறான். பீடி தீர்ந்த பிறகுதான் என்னிடம் சொன்னான்.

சினேகிதன் அல்லவா, வருத்தப்பட்டான். வருத்தம் ஒரு டீ குடிக்கிற நேரம் இருந்தது. பிறகு ஒரு விளையாட்டைக் கண்டுபிடித்தான்.

என்னை வரப்பில் நிறுத்தித் தூரத்தில் தெரியும் ஒற்றைப் பனையை நேராகப் பார்க்கச் சொல்வான். இடது பக்கம் போய் நின்றுகொண்டு கையைத் தூக்குவான், அல்லது தூக்கமாட்டான்.

"டேய், கை மேலயா கீழயா?"

"தெரியலடா."

"தெரியலன்னா சும்மா வாய்க்கு வந்ததச் சொல்லு."

"மேல."

மேலேதான் இருக்கும். "கீழ" என்றால் கீழே இருக்கும். எப்போதாவதுதான் தப்பும். எனக்கு ஒன்றும் தெரியவில்லை என்று கற்பூரம் அடித்துச் சொல்வேன்; ஆனால் வாய்க்கு வந்ததைச் சொன்னால் சரியாக வந்தது. பீடி பந்தயம் கட்டி மற்ற பாத்திக்காரர்கள் வந்தார்கள். அனுமந்தைக்காரன் ஜெயித்துக்கொண்டே இருந்தான். ஜெயித்த பீடியில் எனக்கும் பங்கு கொடுத்தான். திருட்டுப் பீடியைத் திருப்பிக் கொடுத்துவிட்டதாக அவன் கணக்கு.

கொஞ்ச நாளில் கை சலித்துப்போய், களிமண் உருண்டைக்கு வந்தார்கள். இடது பக்கத்திலிருந்து எறிவார்கள். என் தலை தானாகக் குனியும். எதற்குக் குனிந்தேன் என்று எனக்குத் தெரியாது. "ஏண்டா குனிஞ்ச?" என்றால், "கால்ல முள்ளு" என்று வாய் சொல்லும். குனிந்தால் "பாத்தியா, கண்ணு தெரியுது இவனுக்கு, ஏமாத்துறான்" என்பார்கள். குனியாமல் பட்டால் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். களிமண் உப்புக்கட்டி ஆனது. உப்புக்கட்டிக்கு மூலை இருக்கும். காதோரம் கிழிந்தபோது நான் முதலாளியின் நடையில் நாலடி நடந்து, காதைத் தொட்டுப் பார்த்துக் குடையை மடக்கிக் காட்டினேன். எல்லோருக்கும் நிம்மதியாயிற்று. காயப்பட்டவனே சிரிக்க வைத்தால் மறுபடி எறியலாம் அல்லவா?

கூடைக்காரப் பெண்களில் பாதிப்பேர் என்மேல் ஆத்தா இறங்கியிருக்கிறாள் என்றார்கள். மீதிப்பேர் நான் கள்ளக்குருடன் என்றார்கள். ஆத்தா கட்சிக்காரர்களும் எறிவதை நிறுத்தச் சொல்லவில்லை. ஆத்தாவைச் சோதித்துப் பார்ப்பதில் அவர்களுக்கும் ஆசைதான்.

வெகுகாலம் கழித்துப் பாண்டிச்சேரியில் ஒரு டாக்டர், நான் வேறு எதற்கோ போயிருந்தபோது, தலையைத் திருப்புகிற விதம் பார்த்துக் கேட்டறிந்து சொன்னார். கண் பழுதில்லையாம். பார்த்தோம் என்று நமக்குத் தெரிகிற இடம் பின்மண்டையில் இருக்கிறதாம். அது ஒரு பக்கம் அடிபட்டுவிட்டதாம். ஆனால் கண்ணிலிருந்து உள்ளே போக ஒரே ஒரு வழிதான் என்று இல்லையாம். பெரிய ரோடு அடைபட்டாலும் சந்து ஒன்று இருக்கிறது. சந்து வழியாகப் போகிற சேதி கைக்குப் போகும், கழுத்துக்குப் போகும், நமக்கு மட்டும் வராது.

எனக்கு உடனே முதலாளி ஞாபகம் வந்தது. மண்டைக்குள்ளும் ஒருத்தர் குடை பிடித்து வரப்பில் நடந்துகொண்டிருக்கிறார். உப்பு தன்னால்தான் விளைகிறது என்று நினைத்துக்கொண்டிருக்கிறார். வாருகிறவன், சுமக்கிறவன், மடை திறக்கிறவன் யாரையும் அவருக்குத் தெரியாது. அவர்தான் "நான்". எனக்கு மடைக்கல்லில் அடிபட்டதில் கூலிக்காரர்களுக்கு ஒன்றும் ஆகவில்லை. குடைக்காரருக்குச் சேதி சொல்கிறவன்தான் செத்துப்போனான்.

இது அன்றைக்குத் தெரிந்திருந்தால் மட்டும் யாரிடம் சொல்லி யார் நம்பியிருப்பார்கள்? நான் சொன்னால் சிரிப்பார்கள். அதற்குத்தானே பழக்கி வைத்திருந்தேன்.

அந்தச் சமயத்தில்தான் என்ஜின் வேலை வந்தது. கால்வாய்த் தண்ணீரை அளத்துக்கு ஏற்றுகிற ஆயில் என்ஜினைக் கூனிமேட்டு பாய் ஓட்டிக்கொண்டிருந்தார். வயதாகிவிட்டது, மகன் கடை வைத்துவிட்டான், வீட்டோடு இரு என்கிறான், அந்த மாதக் கடைசியில் போகிறார். என்ஜினுக்கு ஒரு கொட்டாய் உண்டு. கொட்டாய்க்குக் கூரை உண்டு. அந்த அளத்தில் கூரைக்குக் கீழ் நின்று கூலி வாங்கிய ஒரே மனிதர் பாய்தான். மழைக்காலத்தில் பாத்தியெல்லாம் முழுகி நாங்கள் வேலையில்லாமல் உட்கார்ந்திருக்கும்போதும் அவருக்குச் சம்பளம் உண்டு.

எனக்கு அது வேண்டியிருந்தது. மனைவி முழுகாமல் இருந்தாள். நான் என்ஜினுக்குப் போனால் அவள் கூடையை இறக்கி வைக்கலாம். அதைப் பற்றி நாங்கள் பேசிக்கொள்ளவில்லை. ஆனால் என்ஜின் சத்தம் கேட்கும்போதெல்லாம் அவள் சும்மாட்டைச் சரிசெய்துகொண்டு அந்தப் பக்கம் பார்ப்பாள்.

பாய்க்கு என்மேல் பிரியம். ஓய்வு வேளையில் நான்தான் அவருக்கு எண்ணெய் போட, துடைக்க உதவுவேன். என்ஜினை நிறுத்தியதும் கையைத் துடைத்த வேஸ்ட் நூல் உருண்டையைத் திரும்பிப் பார்க்காமலே என்னிடம் எறிவார். நான் பிடித்து என் கையைத் துடைத்துக்கொள்வேன். அவருக்கு அது பழக்கம். எனக்கும் பழக்கம்.

"ஒனக்குத்தாம்பா இது. மொதலாளி கிட்ட சொல்லிட்டேன். இன்ஷா அல்லா" என்றார்.

அனுமந்தைக்காரனும் முதலாளியிடம் போய்ச் சொல்லிவிட்டான். "ஐயா, அவனுக்கு ஒரு பக்கம் தெரியாதுங்க. பெல்ட்டுல கை கிய்யி உட்டுக்கினா பாவங்க." அக்கறையில் சொன்னானா, அந்தக் கூரை அவனுக்கும் வேண்டியிருந்ததா என்று என்னைக் கேட்டால் தெரியாது. அவனைக் கேட்டாலும் அக்கறை என்றுதான் சொல்லியிருப்பான்; பொய்யாகவும் சொல்லியிருக்கமாட்டான். அவன் மண்டையிலும் ஒரு குடைக்காரர் உண்டே.

முதலாளி விசாரித்தார். அதற்குக் கொஞ்ச நாள் முன்பு பள்ளிக்கூடத்தில் நடந்த கண் முகாமுக்கு நான் போயிருந்தேன். டார்ச் அடித்துப் பார்த்தார்கள், எழுத்தைப் படிக்கச் சொன்னார்கள், தலையை இப்படியும் அப்படியும் ஆட்டிப் படித்தேன். "கண்ணு நல்லா இருக்கு, அடுத்த ஆளு" என்று அனுப்பிவிட்டார்கள். அது முதலாளிக்கும் தெரியும். ஒரு பக்கம் டாக்டர், ஒரு பக்கம் அனுமந்தைக்காரன். "நானே பாத்துக்கறேன்" என்று குடையை எடுத்துக்கொண்டு என்ஜின் கொட்டாய்க்கு வந்தார்.

மத்தியான வேளை. பாய் என்ஜினை நிறுத்தினார். வேடிக்கை பார்க்க அளமே வந்து நின்றது. கூடையோடு என் மனைவியும் நின்றாள்.

"அந்தக் கை வெளாட்ட எனக்குக் காட்டு" என்றார் முதலாளி. என்னைக் கொட்டாயின் கம்பத்தைப் பார்த்து நிற்கச் சொல்லிவிட்டு இடது பக்கம் போய் நின்றார். "கொட மேலயா கீழயா? ஒழுங்கா சொன்னா என்ஜின் ஒனக்கு."

அவ்வளவுதான் செய்ய வேண்டியது. வாய்க்கு வந்ததைச் சொல்ல வேண்டும். பீடிக்காகத் தினமும் செய்ததுதான்.

வாய்க்கு "மேல" என்று வந்தது. உடனே, இது தானாக வந்ததா, நானாக வரவழைத்ததா என்று ஒரு சந்தேகம். மேலே என்றால் குடையின் நிழல் தரையில் தெரிய வேண்டுமே என்று தோன்றியது. தெரியவில்லையே, அப்படியானால் கீழே. ஆனால் தெரியாத பக்கம் நிழல் மட்டும் எப்படித் தெரியும்? மனைவி கூடையோடு நிற்கிறாள்.

"கீழ" என்றேன்.

கூட்டத்தில் யாரோ 'ச்சு' என்றார்கள்.

"இப்ப?"

"மேல... இல்லீங்க, கீழ."

"இப்ப?"

கண்ணை விரித்தேன், பல்லைக் கடித்தேன், வேர்வை கண்ணில் இறங்கியது. பார்த்தே தீர வேண்டும் என்று பார்த்தேன். அன்றைக்குக் களிமண் கலங்கிய மாதிரி எல்லாம் கலங்கிவிட்டது. பத்துப் பன்னிரண்டு தடவை கேட்டார்; ஒன்றுகூடச் சரியாகச் சொல்லவில்லை. சும்மா காசு சுண்டிச் சொல்லியிருந்தால்கூட இரண்டொன்று தேறியிருக்கும்.

முதலாளி குடையைத் தாழ்த்தினார். அவர் முகத்தில் அதுவரை நான் பார்க்காத ஒன்று இருந்தது. இரக்கம் என்று நினைக்கிறேன். அந்த முகத்தில் பழக்கமில்லாத இடத்தில் உட்கார்ந்திருந்ததால் அடையாளம் தெரிய நேரமாயிற்று.

"நெசமாவே தெரியலடா ஒனக்கு" என்றார். "என் மடைக் கல்லுல வுழுந்தவன். சரி, போ. என்ஜின் வாணாம். அம்பாரத்துக் காவலுக்கு இருந்துக்க. அங்கயும் ஒரு கொட்டாய் இருக்குது."

குவித்து வைத்த உப்புக்குக் காவல். அதற்கும் வருஷம் முழுக்கக் கூலி. கும்பிட்டேன். மனைவி கூடையைத் தரையில் வைத்தாள். வைத்ததை நான் பார்த்தேன், வலது பக்கம்தான் நின்றிருந்தாள்.

பாய்க்குச் சந்தோஷம். "அல்லா காப்பாத்திட்டான்பா" என்று சொல்லிக்கொண்டே கையைத் துடைத்தார். துடைத்த வேஸ்ட் உருண்டையைத் திரும்பிப் பார்க்காமலே என்னிடம் எறிந்தார். எனக்கு இடது பக்கத்திலிருந்து.

என் கையில் எண்ணெய்ப் பிசுக்காக, மெத்தென்று, ஏதோ இருந்தது. தலையைத் திருப்பிப் பார்த்தேன். என் இடது கை தோள் உயரத்துக்குப் போயிருந்தது. அதற்குள் வேஸ்ட் உருண்டை. எனக்கே அதிர்ச்சியாக இருந்தது. வேறு யாருடைய கையோ என் தோளில் முளைத்த மாதிரி.

பாய் திரும்பிப் பார்த்து, தான் செய்தது புரிந்து, வாயைப் பொத்திக்கொண்டார்.

"புடிச்சியே" என்றார் முதலாளி. மெதுவாகத்தான் சொன்னார். "கண்ணு தெரியாதவன் எப்படிடா புடிச்ச?"

இந்த இடத்தில் காலில் விழுந்திருக்கலாம். அழுதிருக்கலாம். சும்மாவாவது இருந்திருக்கலாம். ஆனால் என் வாயும் என் கை மாதிரிதான், என்னைக் கேட்டு ஒன்றும் செய்வதில்லை.

"எனக்குத் தெரியாதுங்க. என் கையைக் கேளுங்க."

என் ஆயுளில் நான் சொன்ன சுத்தமான உண்மை அதுதான். என் ஆயுளில் நான் வாங்கிய பெரிய சிரிப்பும் அதுதான். அளமே குலுங்கிச் சிரித்தது. அனுமந்தைக்காரன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்துவிட்டான். ஆத்தா கட்சியும் கள்ளக்குருடன் கட்சியும் சேர்ந்து சிரித்த ஒரே நாள்.

முதலாளி சிரிப்பு அடங்கும்வரை காத்திருந்தார்.

"கண்ணு தெரியாத மாதிரி நடிச்சு எங்கிட்ட நஷ்டஈடு வாங்கலாம்னு பாத்தியா? சங்கத்துக்காரன் சொல்லிக் குடுத்தானா?"

"இல்லீங்க ஐயா—"

"கேம்ப்புல டாக்டரே கண்ணு நல்லா இருக்குன்னு சொன்னான். எல்லாத்தையும் தப்புத் தப்பா சொன்ன பாரு, அதுலயே எனக்கு ரோசன வந்திருக்கணும். கண்ணு தெரிஞ்சவனாலதான்டா அத்தனையும் தப்பா சொல்ல முடியும்."

அதில் நியாயம் இருந்தது. அதுதான் கொடுமை.

"நான் எப்படி நடப்பேன்னு டீ டைம்ல காட்டுவியாமே" என்றார். "இப்ப காட்டு."

யாரோ சொல்லியிருக்கிறார்கள். எப்போது சொன்னார்களோ, இத்தனை நாள் மடித்து வைத்திருந்திருக்கிறார்.

"காட்டுடா. அப்படியே நடந்து ரோடு வரைக்கும் போ. திரும்பி வராத." பிறகு, மறந்துபோனதை நினைத்துக்கொண்டவர் மாதிரி, "கொட வேணுமா?"

நடந்தேன். ஒரு கையில் இல்லாத குடை, மறு கையில் லுங்கி நுனி. கொட்டாயிலிருந்து ரோட்டுக்குப் போகிற வரப்பு நீளமானது, குறுகலானது, இரண்டு பக்கமும் பாத்தி. யாரும் சிரிக்கவில்லை. முதலாளி முன்னால் யார் சிரிப்பார்கள்? சிரிப்பே இல்லாமல் அந்த நடையை நடப்பது எவ்வளவு அசிங்கம் என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.

பாதி வழியில் ஒரு யோசனை. விழுந்துவிட்டால் என்ன? வரப்பின் இடது விளிம்பு எனக்குத் தெரியாது. ஒரு தடவை தடுமாறிப் பாத்தியில் விழுந்தால் போதும், பாவம் நிஜமாகவே தெரியவில்லை என்று நம்பிவிடுவார்கள். காவல் வேலை திரும்பக் கிடைக்கலாம். இடது காலை விளிம்புக்கு அப்பால் வைக்க முடிவு செய்தேன். வைத்தேன். கால் வரப்பின் மேல்தான் போய் ஊன்றியது. மறுபடி வைத்தேன். மறுபடியும் வரப்பு. எனக்குத் தெரியாத விளிம்பு காலுக்குத் தெரிந்திருந்தது. நான் எவ்வளவு சொல்லியும் அது விழ ஒத்துக்கொள்ளவில்லை. நூல் பிடித்த மாதிரி ரோடு வரை கொண்டுபோய்ச் சேர்த்தது.

"பாரு, எப்படி நேரா போறான் பாரு" என்று பின்னால் ஒரு பெண் குரல். "கள்ளப்பய."

சேதி பக்கத்து அளங்களுக்கும் போய்விட்டது. அந்தப் பருவம் முழுக்க யாரும் என்னை ஒரு பாத்தியிலும் இறங்க விடவில்லை. என்ஜின் அனுமந்தைக்காரனுக்குப் போனது. அவன் நல்லவன்; வழியில் பார்த்தால் பீடி நீட்டுவான். இடது பக்கமிருந்து நீட்டி, நான் எடுக்கிறேனா என்று பார்ப்பான்.

என் மனைவி அன்று தரையில் வைத்த கூடையை மறுபடி தலையில் ஏற்றிக்கொண்டாள். பிரசவத்துக்கு முந்தின வாரம் வரை இறக்கவில்லை.

இதை எழுதும்போது தாளின் இடது ஓரத்தில் ஒரு சிவப்பு ஸ்கேலை வைத்துக்கொள்கிறேன். ஸ்கேல் கண்ணில் படும்வரை தலையைத் திருப்பினால்தான் வரி எங்கே ஆரம்பிக்கிறது என்று தெரியும். வைக்க மறந்துவிட்டால் பாதி வரியை முழு வரி என்று நினைத்துப் படித்துவிட்டு, பிரமாதமாக எழுதியிருக்கிறேன் என்று சந்தோஷப்படுவேன்.

முதலாளி என்னைத் துரத்திய அன்று சாயங்காலம் நடந்ததையும் சொல்லிவிடுகிறேன். அவள் வேலை முடிந்து வந்தாள். கழுத்தைத் தடவிக்கொண்டே அடுப்பு மூட்டினாள். கஞ்சியை ஊற்றித் தட்டை என் முன்னால் தள்ளினாள். நெருப்பில் கருவாடு சுட்ட வாசனை வந்திருந்தது. தட்டில் கஞ்சி மட்டும் இருந்தது.

தட்டை அவள் திருப்புவாள் என்று காத்திருந்தேன். மீன் முதலில் காணாமல்போன நாளிலிருந்து தினமும் அவள்தான் திருப்பினாள், நானாகத் திருப்பியதில்லை. அன்றைக்கு அவள் எதிரில் உட்கார்ந்து என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தாள்.

"மீனு எங்கமே?" என்றேன்.

"எனக்குத் தெரியாதுய்யா" என்றாள். "ஒன் கையக் கேளு."

கேட்டேன். வெட்கத்தை விட்டு, உள்ளுக்குள் கும்பிட்டுக் கேட்டேன். கேட்டதாலோ என்னவோ, அதற்கு ஒன்றும் தெரியவில்லை. மடியிலேயே கிடந்தது. கஞ்சியைக் குடித்துவிட்டு எழுந்தேன். தட்டில் மீன் இருந்ததா இல்லையா என்று அவளும் சொல்லவில்லை.